ரிச்சர்ட் வில்லியம்ஸ்: முடியாத படமும் முடிந்த பாடமும்

அனிமேஷன் இயக்குநர் ரிச்சர்ட் வில்லியம்ஸ் பற்றித் தேடினால் பெரும்பாலும் ஒரே கதைதான் வரும். மகா கலைஞர், முப்பது வருஷம் ஒரே படத்தைச் செதுக்கினார், கடைசியில் பணம் போட்டவர்கள் பிடுங்கிக்கொண்டார்கள். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நம்பினேன். முடிக்கப்படாத அந்தப் படத்தின் வொர்க்பிரிண்ட்டை இரண்டு முறை பார்த்தபிறகு சந்தேகம் வந்துவிட்டது.

1933-இல் டொரன்டோவில் பிறந்து, லண்டனில் ஸ்டுடியோ நடத்தியவர். 1964 வாக்கில் ஆரம்பித்த 'தி தீஃப் அண்ட் தி காப்ளர்' படத்தை விளம்பரப் படங்களில் வந்த காசைப் போட்டே வளர்த்தார். 1988-இல் 'ஹூ ஃப்ரேம்ட் ரோஜர் ராபிட்' ஜெயித்த பிறகுதான் வார்னர் பிரதர்ஸ் கைகொடுத்தது. கெடு தாண்டிப் போனது. 1992-இல், படம் முடியும் என்று உத்தரவாதம் கொடுத்திருந்த நிறுவனம் அதை அவர் கையிலிருந்து எடுத்துக்கொண்டது. பாக்கி கால் மணி நேரம் போலத்தான். பிறகு வேறு ஆட்கள் பாட்டெல்லாம் சேர்த்து முடித்தார்கள். வில்லியம்ஸின் திருடன் பேசவே மாட்டான். 1995 அமெரிக்கப் பதிப்பில் அவனுக்கு ஓயாத புலம்பல். அது அநியாயம்தான், மறுக்கவில்லை.

ஆனால் வொர்க்பிரிண்ட் என்ன சொல்கிறது? கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட அரண்மனையில் காப்ளர் திருடனைத் துரத்துகிறான். தரை எது, சுவர் எது என்று கண் தடுமாறுகிறது. எல்லாம் கையால் வரைந்தது. வழக்கமாக நொடிக்கு 12 ஓவியம் போதும். இவர் பல இடங்களில் 24 வரைய வைத்தார். சரி, கதை? இளவரசிக்கும் செருப்புத் தைக்கிறவனுக்கும் ஏன் காதல் என்று படம் கவலைப்படுவதே இல்லை. சாஃப்ட்வேரில் இப்படிப்பட்ட ப்ராஜெக்ட்டுகளைப் பார்த்திருக்கிறேன். ஒவ்வொரு மாட்யூலும் அழகாக இருக்கும், சேர்த்தால் ஓடாது.

ரோஜர் ராபிட்டில் கதையை இயக்குநர் ராபர்ட் ஜெமெக்கிஸ் பார்த்துக்கொண்டார். வில்லியம்ஸின் பொறுப்பு ஓவியங்களுக்கு உயிர் கொடுப்பது. அசையும் கேமராவுக்கு ஈடுகொடுத்து அந்த முயல் நகர்வதைப் பாருங்கள். வேலை முடிந்தது, இரண்டு ஆஸ்கரும் வந்தது. ஆக, அவருக்கு முடிக்கத் தெரியாது என்பது பொய். காட்சி எதற்காக என்று சொல்ல இன்னொருவர் தேவைப்பட்டார், அவ்வளவுதான்.

அந்த முப்பது வருஷம் வீண் என்று சொல்லவும் எனக்கு மனசு வரவில்லை. கென் ஹாரிஸ், ஆர்ட் பாபிட், கிரிம் நாட்விக் என்று ஹாலிவுட்டின் பழைய கைகளை லண்டனுக்கு வரவழைத்து, தன் இளைஞர்களோடு தானும் உட்கார்ந்து கற்றுக்கொண்டார். அவர்களோடு மறைந்துபோயிருக்க வேண்டிய வித்தையெல்லாம் 2001-இல் 'தி அனிமேட்டர்ஸ் சர்வைவல் கிட்' புத்தகமாக வந்தது. ஒரு ஆள் நடப்பதை வரைய மட்டும் பக்கம் பக்கமாக! 2019-இல் வில்லியம்ஸ் இறந்துவிட்டார். அனிமேஷன் படிக்கிற பிள்ளைகள் இன்னும் அந்தப் புத்தகத்தைப் பார்த்துத்தான் முதல் நடையை வரைகிறார்கள்.

முதலில் வொர்க்பிரிண்ட்டைப் பாருங்கள், அடுத்து ரோஜர் ராபிட்டை. நான் சொன்னது தப்பென்று பட்டால் சண்டைக்கு வாருங்கள்.