நெல்லிக்கனியும் எஞ்சிய நாளும்

அதியமான் ஔவையார்க்கு ஈந்த நெல்லிக்கனியைக் கொடைக்குச் சான்றாக மட்டும் காட்டிச் செல்வது நம்மிடை வழக்கமாயிற்று. சிறுபாணாற்றுப்படை அவ்வளவில் அமையும். புறநானூற்று 91-ஆம் பாட்டோ அதனினும் ஆழமுடைத்து. நஞ்சுண்டும் மாயாத நீலமணிமிடற்றோனைப் போல நீ நிலைபெறுக என்று, சாவா மருந்தைப் பெற்றவர் அதனைத் துறந்தவனை வாழ்த்துகின்றார். (பிற்கால ஔவையை ஈண்டு நினைத்தல் வேண்டா.) வாழ்த்துப் பலித்திலது. வேல் அஞ்சியின் மார்பைத் துளைத்ததனை 235-ஆம் பாட்டால் அறிகின்றோம். 232-ஆம் பாட்டில், காலையும் மாலையும் இல்லையாகுக, தாம் வாழும் நாளும் அல்லவாகுக என்கின்றார் புலவர். நெடுநாளை நல்கிய கனியைப் பெற்றவரே நாளை வெறுக்கின்றார்! இப்பாட்டை அறியாதார் 91-இன் வாழ்த்தை வெறும் புகழுரையாகவே கொள்வர். ஆதலின் 91-ஐப் பாடமாக வைப்போர் 232-ஐயும் உடன் வைத்தல் வேண்டும் என்பது எம் கருத்து.