சவப்பெட்டியும் கையொப்பமும்

சிங்களத் திரைப்படக் கலையில் உரத்த குரலைத் துறந்த மரபொன்றுண்டு. 1956இல் 'ரேகாவ'வையும் 1963இல் 'கம்பெரலிய'வையும் படைத்த லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் வளர்த்த மரபு அது. பிரசன்ன விதானகேயின் 'புரஹந்த களுவர' (1997) அம்மரபின் வழிவந்த படைப்பாகும்.

கதை மிகச் சிறிது. வறட்சியில் வாடும் சிங்களக் கிராமமொன்றில் வாழ்பவர் பார்வையற்ற முதியவர் வன்னிஹாமி. இராணுவத்திற் சேர்ந்த அவருடைய மகன் இறந்தானெனச் சொல்லி, முத்திரையிட்ட சவப்பெட்டியொன்று வீடு வந்து சேருகிறது. ஊர் நம்புகிறது, தந்தை நம்பவில்லை. நட்டஈட்டுப் படிவத்திற் கையொப்பமிட மறுக்கிறார். இறுதியில் அவரே புதைகுழியைத் தோண்டத் தொடங்குகிறார். பெட்டிக்குள் இருந்தவை கல்லும் வாழைத்தண்டுமே.

வன்னிஹாமியாக நடித்த ஜோ அபேவிக்கிரம கதறவில்லை, வசனமழை பொழியவுமில்லை. மகன் கட்டத் தொடங்கிய வீடு முற்றுப்பெறாமல் நிற்கிறது. அக்காட்சி ஒன்றே போதும். ஏழை விவசாயியின் மகனைப் போர்முனைக்கு அனுப்பியது எது என்பதை அது சொல்லிவிடுகிறது. கோஷம் இல்லையேல் கொள்கை இல்லை என்று எண்ணும் நண்பர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஒரு கோஷமுமில்லாத இப்படத்தின் திரையிடலை அரசு 2000இல் தடுத்தது. 2001இல் உயர் நீதிமன்றத் தீர்ப்பே அதற்கு வழி திறந்தது. மௌனத்தின் பொருளை ஆட்சியாளர் நன்கறிந்திருந்தனர்.

எனினும், திருகோணமலைத் துறைமுகத்தை அண்டி வாழும் தமிழ் வாசகன் ஒரு கேள்வியை எழுப்பியே தீர்வான். அந்த மகன் சென்ற போர்முனையில் வாழ்ந்த மக்கள் எங்கே? படத்தில் அவர்கள் இல்லை. இங்குள்ள தாய்மாருக்கோ பொய்ச் சவப்பெட்டிகூட வந்து சேரவில்லை. 2017இல் காணாமலாக்கப்பட்டோரின் உறவினர் திருகோணமலையிலும் தொடர் போராட்டத்தில் அமர்ந்தனர். மரணச் சான்றிதழும் இழப்பீடும் வேண்டாம், உண்மையே வேண்டும் என்றனர். வன்னிஹாமி மறுத்த அதே கையொப்பத்தையே இத்தாய்மாரும் மறுக்கின்றனர்.

இந்த ஒற்றுமையைப் படம் காணவில்லை. அது அதன் எல்லை. ஆயினும் தான் அறிந்த கிராமத்தைப் பற்றி அது பொய் சொல்லவில்லை. இரு மொழிகளில் நிகழும் மறுப்பு ஒன்றே என்பதை உணர்த்தும் கடமை இனி நம்முடையது. மாணவரும் ஆசிரியரும் இப்படத்தைச் சேர்ந்து பார்த்து விவாதிக்கட்டும். துறைமுகத் தெருவின் தாயொருத்தியை, இதே அடக்கத்தோடும் இதே நேர்மையோடும் படைக்கும் தமிழ்க் கலைஞன் அவ்விவாதத்திலிருந்து எழட்டும்.