ஐயமும் ஆவிவிளக்கும்

பொருளை உள்ளவாறு உணர்தற்குக் காட்சி, கருதல், உரை என்னும் மூன்றனையும் அளவைகளாக வகுத்தனர் நம் நூலோர். காட்சி பழுதின்றியிருக்கவும், நம்புதற்குரியார் கூறும் பொய்யுரை அதனைப் பழுதெனக் காட்டித் தெளிவைச் சிதைக்க வல்லதாதலை நாடகமாக்கினார் ஆங்கில ஆசிரியர் பாட்ரிக் ஹாமில்டன். அவர்தம் 'காஸ் லைட்' 1938-ஆம் ஆண்டு டிசம்பரில் இலண்டனையடுத்த ரிச்மண்டில் அரங்கேறியது.

கதை 1880-ஆம் ஆண்டில் இலண்டனில் நிகழ்வது. மானிங்ஹாம் என்பான் வீட்டுப் பொருள்களைத் தானே மறைத்துவைத்து, மறைத்தவளும் மறைத்ததை மறந்தவளும் தன் மனைவி பெல்லாவே என இடித்துரைக்கின்றான். அவள் தாய் பித்துற்று இறந்தவளாதலின், தனக்கும் அந்நோய் வந்ததென அவள் நடுங்குகின்றாள். மாலைதோறும் அவன் வெளியே சென்ற சிறிது நேரத்தில் அறையின் ஆவிவிளக்கு மங்கும். மேன்மாடத்திற் காலடியோசை கேட்கும். அவன் திரும்புதற்குச் சற்று முன்னர் ஒளி மீளும். பிறிதொரு விளக்கு ஏற்றப்படின் குழாயில் ஆவியின் அழுத்தம் குறைந்து ஏனையவை மங்குதல் இயல்பு. முன்னர் அம்மனையில் தான் கொன்ற மூதாட்டியின் மணிகளைத் தேடி, அவனே மேலே விளக்கேற்றினான்.

பெல்லாவின் கண்ணும் செவியும் பிழைக்கவில்லை. மேலிருப்பவன் கணவனே என்னும் கருத்தும் அவளுள்ளத்தே முன்னரே எழுந்தது. எழுந்தும் அதனை ஏற்க அஞ்சினாள். முன்னாள் துப்பறிவாளர் ரஃப் வந்து, ஒளி மாறுதலைத் தாமும் உடனிருந்து கண்டு உரைத்தபின்னரே தெளிகின்றாள். பொய்யுரையாற் கெட்டது மெய்யுரையால் மீண்டமை காண்க. இந்நாடகத்தின் உயிர்நிலை இதுவே.

குறையும் ஒன்றுண்டு. கணவனின் வஞ்சம் விரைவில் வெளிப்படுதலின், காண்போர் பெல்லாவுக்கு இரங்குவரேயன்றி அவளோடு தாமும் ஐயுறார். எனினும் இறுதியிற் கட்டுண்ட கணவன் விடுவிக்குமாறு வேண்ட, பித்தியாகிய தான் உதவுவதெங்ஙனம் என அவள் வினவுமிடம் பெரிதும் நயமுடைத்து. அவன் பொய்யை அவன்மேலேயே திருப்பும் அளவிற்கு அவளறிவு நிலைபெற்றது.

1944-இல் இக்கதை அமெரிக்கத் திரைப்படமாகி, இங்கிரிட் பெர்க்மனுக்கு ஆஸ்கார்ப் பரிசு ஈட்டித் தந்தது. நாடகத்தின் பெயரும் வஞ்சத்தைக் குறிக்கும் சொல்லாயிற்று. 2022-இல் மெரியம்-வெப்ஸ்டர் அகராதியினர் அதனை ஆண்டின் சொல்லாகத் தேர்ந்தனர். எப்பொய்க்கும் அச்சொல்லை வழங்குதல் பொருந்தாது. பொய் பொருளை மறைப்பது; இவ்வஞ்சமோ காணும் அறிவையே தன்மேல் ஐயுறச் செய்வது. அக்கலக்கமுற்றார்க்கு அறிவுரைகள் பல வேண்டா. விளக்கு மங்கியது மெய்யே என உடன்கண்டு கூறும் ஒருவர் போதும்.