உடுக்குறி

ஹார்வர்டு கல்லூரி தன் பட்டதாரிகளின் பெயர்ப் பட்டியலை மூன்றாண்டுக்கு ஒருமுறை அச்சிட்டு வந்த காலத்தில், இறந்தவரின் பெயருக்கு முன்னால் ஓர் உடுக்குறி (*) இடுவது வழக்கம். பட்டியல் இலத்தீனில் இருக்கும். அந்தக் குறி ஏறியவர்களை ‘ஸ்டெல்லிகெரி’ என்றார்கள். விண்மீன் தாங்கியவர்கள் என்று பொருள். அழகான பெயர்தான். ஆனால் அந்த விண்மீன், இவர் இப்போது உயிரோடு இல்லை என்ற ஒரே ஒரு செய்தியைத்தான் சொல்லும். படித்து முடித்து எந்த ஊருக்குப் போனார், என்ன வேலை பார்த்தார், எதனால் இறந்தார் என்பதற்கு அதில் இடமில்லை.

அந்தப் பட்டியலைப் பல்லாண்டுகள் தொகுத்தவர் ஜான் லாங்டன் சிப்லி. 1825-ல் அங்கே பட்டம் பெற்றவர். 1856 முதல் 1877 வரை அங்கேயே நூலகராக இருந்தவர். ஒரு மனிதரை ஒற்றைக் குறியோடு முடித்துவிட அவருக்கு மனம் வரவில்லை. கல்லூரியின் முதல் அணியான 1642-ஆம் ஆண்டுப் பட்டதாரிகளில் தொடங்கி, ஒவ்வொருவருடைய வாழ்க்கைக் குறிப்பையும் எழுதலானார். முதல் தொகுதி 1873-ல் வந்தது. மூன்றாம் தொகுதி வெளிவந்த 1885-ல் அவரும் இறந்தார். பணி நின்றுவிடக் கூடாது என்று தம் சொத்தை மாசச்சூசெட்ஸ் வரலாற்றுக் கழகத்துக்கு எழுதி வைத்திருந்தார். அப்படியும் நான்காம் தொகுதி வர 1933 ஆயிற்று. கிளிஃபர்டு ஷிப்டன் என்ற இன்னொரு பிடிவாதக்காரர் கிடைக்கும்வரை அது காத்திருக்க வேண்டியிருந்தது.

மறைந்த மாணவர்களைக் கல்லூரி நினைவில் வைத்திருப்பது என்ற வழக்கத்தின் பலமும் பலவீனமும் இந்த ஒரு கதையிலேயே இருக்கின்றன. யாராவது ஒருவர் இதைத் தம் பொறுப்பு என்று எடுத்துக்கொண்டால் நடக்கிறது. இல்லையென்றால் அரை நூற்றாண்டு அப்படியே கிடக்கிறது.

எனக்குத் தெரிந்தவரை இதை மிகச் சீராகச் செய்தது யேல். 1859-60 தொடங்கி 1951-52 வரை, அந்தந்த ஆண்டில் இறந்த பட்டதாரிகளைப் பற்றி ஒரு பதிவேட்டை ஆண்டுதோறும் வெளியிட்டது. பிறந்த நாள், பெற்றோர், படித்த பள்ளி, பார்த்த வேலைகள், திருமணம், பிள்ளைகள், இறந்த இடம், பிற்காலத் தொகுதிகளில் இறப்புக்கான காரணம், அடக்கம் செய்த இடம் என்று வரிசையாகப் போகும். புகழ் பெற்றவருக்குப் பத்தி நீண்டுவிடும் என்பது உண்மை. ஆனால் எல்லோரிடமும் கேட்ட கேள்விகள் ஒன்றே. செனட்டராக இருந்தவருக்கும், சிற்றூர்ப் பள்ளியில் நாற்பதாண்டு கணக்குச் சொல்லிக்கொடுத்தவருக்கும், நொடித்துப்போன கடைக்காரருக்கும் ஒரே அச்சு, ஒரே எழுத்தளவு.

இதைப் பெரிய விஷயமாக நான் கருதுகிறேன். தலைவர்களுக்கு வரலாறு தானாகவே எழுதப்பட்டுவிடும். சாதாரணமாக வாழ்ந்து சாதாரணமாக இறந்த ஒரு படித்த மனிதரின் முழு வாழ்க்கையும் ஒரு பக்கத்தில் சேர்ந்து கிடைக்கும் இடங்கள் உலகில் மிகக் குறைவு. நூற்றாண்டுக்கு முன் இளைஞர்களைக் காய்ச்சல் எப்படிக் கொண்டுபோனது, பாதிரியார் வேலையிலிருந்து படித்தவர்கள் எப்போது வக்கீல் தொழிலுக்கும் வணிகத்துக்கும் திரும்பினார்கள் என்பதையெல்லாம் இத்தகைய ஏடுகளை வைத்தே கணக்கிடலாம். இரங்கல் எழுதுகிறோம் என்று நினைத்தவர்கள் ஒரு நாட்டின் சமூக வரலாற்றையே எழுதி வைத்துவிட்டார்கள்.

நம் பக்கத்து வழக்கம் வேறு. எங்கள் கல்லூரி அணியின் நாற்பதாம் ஆண்டுச் சந்திப்பில் மதியச் சாப்பாட்டுக்கு முன் திரையில் ஒரு படம் வந்தது. ஊதுபத்தி, குத்துவிளக்கு, பதினோரு பெயர்கள். இரண்டு நிமிட மௌனம். பக்கத்தில் இருந்த நண்பரிடம் ஏழாவது பெயரைக் காட்டி, “இவன் எப்படிப் போனான்?” என்று கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. அவருக்குப் பக்கத்தில் இருந்தவருக்கும் தெரியவில்லை. எங்கள் அணியின் கைபேசிக் குழுவில் அவன் இறப்புச் செய்தி வந்தபோது எண்பது பேர் கைகூப்பிய படம் போட்டிருந்தார்கள். நானும் போட்டிருந்தேன். அவன் கடைசி இருபதாண்டு எங்கே இருந்தான் என்று எண்பது பேரில் ஒருவரும் கேட்கவில்லை. அந்தக் கூடத்தில் இருந்த துக்கம் பொய்யில்லை. ஆனால் அது உடுக்குறிக்கு மேல் ஒரு சொல்லும் சொல்லவில்லை.

ஆகவே யேல் பதிவேடு உயர்ந்தது, நம்முடையது தாழ்ந்தது என்று இங்கேயே முடித்துவிடலாமா? முடியாது. அந்த ஏடுகளின் குறைகள் சிறியவை அல்ல. அவற்றில் முதலாவது, யார் ‘மாணவர்’ என்ற கேள்வி.

ஹார்வர்டில் 17-ஆம் நூற்றாண்டில் வாம்பனோக் பழங்குடியைச் சேர்ந்த இருவர், மார்த்தாஸ் வின்யர்டு தீவிலிருந்து வந்து, ஒரே வகுப்பில் படித்தார்கள். ஒருவர் கேலப் சீஷாட்டோமக். 1665-ல் பட்டம் பெற்றார். அடுத்த ஆண்டே காசநோயில் இறந்தார். மற்றவர் ஜோயல் ஐயகூம்ஸ். படிப்பெல்லாம் முடிந்துவிட்டது. பட்டமளிப்புக்கு முன் வீட்டாரைப் பார்க்கத் தீவுக்குப் போனவர், திரும்பும் வழியில் நாண்டக்கெட் கரையில் கப்பல் உடைந்து உயிரிழந்தார். கேலப் பட்டியலில் ஏறினார். ஜோயல் ஏறவில்லை. ஒரே பெஞ்சில் உட்கார்ந்து ஒரே இலத்தீனைப் படித்த இருவரில் ஒருவருக்கு விண்மீன் உண்டு, ஒருவருக்கு இல்லை. இடையில் இருந்தவை சில வாரங்களும் ஒரு சடங்கும். ஜோயலுக்குப் பட்டம் கொடுக்கப்பட்டது 2011-ல். 346 ஆண்டுகள் கழித்து.

பட்டம்தான் அளவு என்று வைத்தால் இப்படித்தான் ஆகும். பணம் கட்ட முடியாமல் போனவர், நோயில் விழுந்தவர், படிப்பின் நடுவே கல்யாணம் செய்து கொடுக்கப்பட்ட பெண், விடுதி அறையிலேயே உயிரை விட்டவர் ஆகிய எல்லோரும் நினைவின் கதவுக்கு வெளியே நிற்பார்கள். கல்லூரியின் கதையில் மிகவும் தேவையான பக்கம் அவர்களுடையது. எங்கள் திரையில் இருந்த பதினொன்றிலும் இரண்டாம் ஆண்டில் நின்றுபோன ஒருவன் பெயர் இல்லை. அவன் இறந்ததை நான் பேருந்து நிலையத்தில் தற்செயலாகக் கேள்விப்பட்டேன்.

இரண்டாவது குறை, செய்தி யாரிடமிருந்து வருகிறது என்பது. பெரும்பாலும் குடும்பத்தார் சொல்வதே குறிப்பாகிறது. ரிச்சர்டு தியோடர் கிரீனர் 1870-ல் ஹார்வர்டு கல்லூரியில் பட்டம் பெற்ற முதல் கறுப்பின மாணவர். பேராசிரியர், வழக்கறிஞர், ரஷ்யாவின் விளாடிவஸ்டாக்கில் அமெரிக்காவின் தூதரக அதிகாரி. அவரைப் பிரிந்த மனைவியும் பிள்ளைகளும் பெயரைக் ‘கிரீன்’ என்று சுருக்கிக்கொண்டு வெள்ளையராக வாழ்ந்தார்கள். நிறவெறி அவர்களை அந்த நிலைக்குத் தள்ளியது. அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. ஆனால் அந்த வீட்டில் போய்க் கேட்டிருந்தால் கிரீனரைப் பற்றி என்ன கிடைத்திருக்கும்? 1922-ல் சிகாகோவில் இறந்தார். அவருடைய பட்டச் சான்றிதழும் தாள்களும் 2009-ல், இடிக்கவிருந்த ஒரு பாழ்வீட்டின் பரணிலிருந்த பெட்டியில் கிடைத்தன. வீட்டைக் காலி செய்ய வந்தவர் கண்ணில் பட்டிராவிட்டால் அவையும் குப்பைக்குப் போயிருக்கும்.

நம் குடும்பங்களிலும் இது வேறு உருவில் நடக்கிறது. தற்கொலை ‘திடீர் மறைவு’ ஆகும். குடி ‘உடல்நலக் குறைவு’ ஆகும். சாதி மாறிக் கல்யாணம் செய்தவரின் மனைவி பெயர் குறிப்பிலேயே வராது. துக்க வீட்டில் நின்றுகொண்டு உண்மையைக் கேள் என்று நான் சொல்லமாட்டேன். வேண்டாம் என்று குடும்பம் சொன்னால் விட்டுவிடலாம். விடுவது வேறு, மாற்றி எழுதுவது வேறு. ‘இதை எழுத வீட்டார் விரும்பவில்லை’ என்று ஒரு வரி போட்டாலே அடுத்த தலைமுறைக்குப் போதும். மாற்றி எழுதிய வரி, அந்த மனிதரை இரண்டாம் முறை கொன்றுவிடுகிறது.

மூன்றாவது, எதற்காக இறந்தார் என்பதைச் சொல்வதா, மறைப்பதா என்பது. அமெரிக்க உள்நாட்டுப் போரில் மாண்ட மாணவர்களுக்கு ஹார்வர்டு எழுப்பிய நினைவு மண்டபத்தில் 136 பெயர்கள் பளிங்கில் உள்ளன. எல்லாம் வடக்குப் படையினர். அடிமைமுறையைக் காக்கப் போரிட்ட தெற்குப் படையில் இறந்த ஹார்வர்டுக்காரர்களுக்கு அங்கே இடமில்லை. பிரின்ஸ்டனின் நாசாவ் மண்டபத்திலோ இரு படையினரும் ஒன்றாக, யார் எந்தப் பக்கம் என்ற குறிப்பே இல்லாமல், பெயர் வரிசையில் நிற்கிறார்கள். பிரின்ஸ்டன் முறை பெருந்தன்மை போலத் தோன்றும். எனக்கு அது உடன்பாடில்லை. எல்லா மாணவரையும் நினைப்பது நல்லது. ஆனால் பக்கத்தை அழித்துவிட்டால் அந்தச் சாவுகளுக்கு நடுவில் இருந்த அடிமைகளும் சேர்ந்து அழிந்துபோகிறார்கள். நம் நடுகற்கள் இதில் நேர்மையானவை. எந்த அரசன் காலம், எந்த ஊர், யாருடைய மாட்டை மீட்கப் போய் யார் பட்டார் என்று கல்லிலேயே சொல்லிவிடும். மகேந்திரவர்மன் காலத்து எடுத்தனூர் நடுகல் வீரனோடு நின்ற நாயின் பெயரையும், கோவிவன் என்று, சேர்த்துப் பொறித்திருக்கிறது.

1932-ல் திறக்கப்பட்ட ஹார்வர்டின் நினைவு ஆலயம் வேறொரு வழியைக் காட்டியது. முதல் உலகப் போரில் ஜெர்மனிக்காகப் போரிட்டு மாண்ட தன் மாணவர்களுக்கும் தனியே ஒரு பலகை வைத்தது. அவர்கள் எதிர்க் கொடியின் கீழ் இறந்தவர்கள் என்பதையும் அதிலேயே எழுதியது. பெயரும் இருக்கிறது, பக்கமும் இருக்கிறது. எனக்குச் சரியாகப் படுவது இதுதான்.

இந்தக் கல்லூரி மரபு தமிழருக்கு முற்றிலும் அயலானதும் இல்லை. டார்ட்மவுத் கல்லூரியில் படித்த டேனியல் பூர் முதலிய நியூ இங்கிலாந்து மிஷனரிகள் 1823-ல் யாழ்ப்பாணத்து வட்டுக்கோட்டையில் செமினரியைத் தொடங்கினார்கள். அங்கே சேர்ந்த தமிழ்ப் பையன்களுக்கு, படிப்புச் செலவை ஏற்ற அமெரிக்கர்களின் பெயர்களைச் சூட்டினார்கள். கரோல் விசுவநாதபிள்ளை, ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளை என்று நாம் இன்றும் சொல்லும் பெயர்கள் அப்படி வந்தவை. கடல் கடந்த யாரோ ஒருவரின் நினைவைத் தம் பெயரில் சுமந்தவர்கள் அவர்கள். அந்த ஆர்னல்ட்தான் 1886-ல் ‘பாவலர் சரித்திர தீபகம்’ எழுதி, மறைந்த தமிழ்ப் புலவர்களின் வாழ்க்கையைத் தொகுத்தார். செமினரி 1855-ல் மூடப்பட்டது. அதன் கதையையும் பின்வந்த யாழ்ப்பாணக் கல்லூரியின் கதையையும் ஜே. வி. செல்லையா 1922-ல் நூலாக்கினார். 1981-ல் பொது நூலகத்தைத் தீக்குக் கொடுத்த யாழ்ப்பாணத்துக்கு, ஒருவர் உட்கார்ந்து எழுதி அச்சிட்டு வைத்த இத்தகைய நூலின் அருமை தெரியும்.

நம் கல்லூரிகளில் நினைவு என்றால் பெரும்பாலும் அறக்கட்டளை. இறந்தவர் பெயரில் பதக்கம், சொற்பொழிவு, உதவித்தொகை. ஏழைப் பிள்ளை ஒன்று அதனால் படித்தால் அதைவிட நல்ல நினைவு எது என்று கேட்பவர்களின் பக்கம் நியாயம் உண்டு. ஆனால் வசதியுள்ள குடும்பம் இருந்தவருக்கே அது வாய்க்கிறது. அந்தப் பதக்கத்தை வாங்கும் மாணவிக்கும் அதிலுள்ள பெயர் யாருடையது என்று தெரிவதில்லை.

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் அணியில் இறந்தவர்களுக்கு ஆளுக்கு ஒரு பக்கம் எழுதுங்கள். ஊர், படிப்பு, வேலை, குடும்பம், இறந்த நாள், இறந்த இடம். கூடவே நீங்கள் நேரில் பார்த்த ஒரு சம்பவம். இரண்டு படி எடுத்து, ஒன்றைக் கல்லூரி நூலகத்திலும் ஒன்றை ஊர் நூலகத்திலும் கொடுங்கள். பட்டம் பெற்றவர்களின் பட்டியலை வைத்துக்கொண்டு தொடங்காதீர்கள். முதலாண்டு வருகைப் பதிவேட்டைக் கேட்டு வாங்கி, அதில் உள்ள முதல் பெயரிலிருந்து தொடங்குங்கள்.