கிரகாம் கிரீன்: பேசாத நேரத்தில் பாருங்கள்

நாவலாசிரியர் கிரகாம் கிரீன் வேறு. நடிகர் கிரகாம் கிரீன் 1952இல் கனடாவின் ஒண்டாரியோ மாகாணத்தில், சிக்ஸ் நேஷன்ஸ் பழங்குடிப் பகுதியிலுள்ள ஓஸ்வேக்கனில் பிறந்த ஒனைடா இனத்தவர். வெல்டிங், இரும்பு வேலை, இசைக்குழுக்களுக்கு ஒலியமைப்பு எல்லாம் பார்த்துவிட்டு நாடகத்துக்கு வந்தவர். 2025 செப்டம்பரில் காலமானார்.

குணச்சித்திர நடிகரை ரசிக்க நான் சொல்லும் வழி ஒன்றுதான்: எதிரில் இருப்பவர் பேசும்போது இவரைப் பாருங்கள்.

'டான்சஸ் வித் வுல்வ்ஸ்' (1990) படத்திலிருந்து தொடங்கலாம். பழங்குடியினரின் மொழி தெரியாத படைவீரராக வரும் கெவின் காஸ்ட்னர் முதுகில் துணியைச் செருகிக்கொண்டு, விரல்களைக் கொம்பாக வைத்து, தரையில் தவழ்ந்து காட்டெருமை மாதிரி நடித்துக் காட்டுகிறார். இவனுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று கிரீனுக்குப் பக்கத்திலிருக்கும் பழங்குடி வீரன் முடிவே கட்டிவிடுகிறான். கிரீன் முடிவுக்கு வருவதில்லை, பார்த்துக்கொண்டே இருக்கிறார். குழப்பம் மெல்லக் கலைந்து, 'அட, எருமை!' என்று பிடிபடும் கணம் அவர் முகத்தில் தெரியும். கதையின் மொத்த நட்பும் அந்த இடத்தில்தான் முளைக்கிறது. இத்தனைக்கும் அவர் பேசுவது லகோட்டா மொழி. அது அவருடைய தாய்மொழியல்ல, படத்துக்காகக் கற்றுக்கொண்டது. சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. விருது 'குட்ஃபெல்லாஸ்' படத்துக்காக ஜோ பெஷிக்குப் போனது.

அடுத்து 'தி கிரீன் மைல்' (1999). மூன்று மணி நேரப் படத்தில் இவருக்குச் சில நிமிடங்கள்தான். மரண தண்டனைக் கைதியாக வரும் இவர், தண்டனைக்கு முன் தலையை மழிக்கும்போது, மனதார வருந்தினால் வாழ்க்கையின் மிக இனிய நாட்களுக்கே திரும்பிப் போய்விட முடியுமா என்று சிறைக் காவலராக வரும் டாம் ஹாங்க்ஸிடம் கேட்கிறார். அழுகை இல்லை, இரக்கம் தேடும் குரலும் இல்லை. தெரிந்துகொள்ள விரும்பிக் கேட்கிறார், அவ்வளவே. அதனால்தான் நமக்குத் தொண்டை அடைக்கிறது.

இந்தக் கனிவான மனிதர்தான் கிரீன் என்று மனதில் பதிவதற்குள் 'கிளியர்கட்' (1991) பார்த்துவிடுங்கள். காட்டை அழிக்கும் ஆலையின் மேலாளரைக் கடத்திச் சித்திரவதை செய்யும் ஆர்தராக வருகிறார். அதே நிதானம், அதே தாழ்ந்த குரல். ஆனால் இங்கே அவை அச்சமூட்டுகின்றன. என் கணிப்பில் அவருடைய மிகச் சிறந்த நடிப்பு இதுதான். பலர் பார்க்காமலே விட்டுவிட்ட படம்.

பழங்குடி வேடங்களோடு அவரை நிறுத்திவிடுவது அநியாயம். 'டை ஹார்ட்' மூன்றாம் படத்தில் நியூயார்க் துப்பறிவாளர், 'மோலிஸ் கேம்' படத்தில் நீதிபதி. 2007இல் ஸ்ட்ராட்ஃபோர்ட் நாடக விழாவில் ஷேக்ஸ்பியரின் ஷைலாக்காகவே மேடையேறினார்.

'தி லாஸ்ட் ஆஃப் அஸ்' முதல் சீசனின் ஆறாம் பகுதியை அவருடைய நகைச்சுவைக்காகப் பாருங்கள். வேட்டையிலிருந்து வீடு திரும்பும் கிழவருக்கு எதிரே துப்பாக்கியோடு ஓர் அந்நியன். அவருக்கோ, மனைவி அவனுக்கு சூப் வைத்துக் கொடுத்ததுதான் உறுத்துகிறது! மனைவியாக வரும் எலெய்ன் மைல்ஸும் இவரும் தொண்ணூறுகளிலேயே 'நார்தர்ன் எக்ஸ்போஷர்' தொடரில் நடித்தவர்கள். ஒருவர் முடிப்பதற்குள் மற்றவர் முகம் பதில் சொல்லிவிடுகிறது. அந்தக் காட்சியை இரண்டு தடவை பாருங்கள்: ஒரு தடவை வசனத்துக்கு, இன்னொரு தடவை வசனம் இல்லாதவரின் முகத்துக்கு.