பட்டமரத்தின் காவல்: டோல்கியனின் வெண்மரம் ஒரு திறனாய்வு

முன்னுரை

ஆங்கில எழுத்தாளர் ஜே. ஆர். ஆர். டோல்கியன் (1892-1973) படைத்த 'த லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' 1954, 1955ஆம் ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்தது. அவர் மறைந்தபின் அவர்தம் மகன் கிறிஸ்டபர் பதிப்பித்த 'த சில்மரில்லியன்' 1977இல் வெளியாயிற்று. இவ்விரு நூல்களிலும் தொடர்ந்து வரும் புனிதக் குறியீடு கோண்டோர் நாட்டின் வெண்மரமாகும். இம்மரம் அரசுரிமையின் சின்னம் என்பது பரவலான வாசிப்பு. அவ்வாசிப்பு எவ்வளவு பொருந்துகிறது என்பதைப் பனுவலைக் கொண்டே ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

வழிபாடற்ற புனிதம்

டோல்கியன் ஆழ்ந்த கத்தோலிக்கர். இயேசு சபையைச் சேர்ந்த இராபர்ட் மர்ரேக்கு 1953இல் எழுதிய மடலில், தம் படைப்பு அடிப்படையில் சமயச் சார்புடையது என்றும், அதனாலேயே சமயச் சடங்கு குறித்த செய்திகளை நீக்கியதாகவும் அவர் குறிப்பிட்டுள்ளார். அவர் உலகில் பெரிதாக விவரிக்கப்படும் கோயில், தீயோனாகிய சௌரோன் நூமெனோர்த் தீவில் எழுப்பியதே. அங்கேதான் வெண்மரத்தின் மூதாதையான நிம்லோத் வெட்டி எரிக்கப்படுகிறது. ஆக, வழிபாடு நிகழும் இடத்தில் புனிதம் அழிகிறது. வழிபடப்படாத மரத்தில் அது தங்குகிறது.

இப்புனிதம் ஒளியால் வந்ததும் அன்று. ஆதியில் உலகிற்கு ஒளி தந்தவை டெல்பெரியன், லாரெலின் என்னும் இரு மரங்கள். டெல்பெரியனின் சாயலில் படைக்கப்பட்ட காலாதிலியோன் தானாக ஒளிரவில்லை. அதன் வழியில் வந்த கன்றுகளுள் ஒன்றே நிம்லோத். இசில்டூர் உயிரைப் பணயம் வைத்து நிம்லோத்தின் கனியொன்றைக் கவர்ந்து காத்ததால் மரபு அறாமல் கோண்டோரை அடைந்தது. வெண்மரம் சாயலின் வழிவந்த ஒன்றே. எனினும், இழப்பைக் கடந்து காக்கப்பட்டமையே அதைப் புனிதமாக்குகிறது.

மரமும் மன்னனும்

மரம் அழிந்தால் மன்னர் குலமும் அழியும் என்று நூமெனோரில் முன்னறிவிக்கப்படுகிறது. மூன்றாம் யுகம் 1636இல் கொள்ளைநோயில் மன்னன் மாண்டபோது மரமும் பட்டது. இவை பரவலான வாசிப்புக்கு அரண் செய்கின்றன. ஆயினும் நூலின் பின்னிணைப்பில் உள்ள ஆண்டுக்குறிப்புகள் வேறொன்றையும் காட்டுகின்றன. கோண்டோரின் இறுதி மன்னன் 2050இல் மறைந்தான். மரமோ 2852இல்தான் பட்டது. இடைப்பட்ட 802 ஆண்டுகள் மன்னனின்றியே மரம் வாழ்ந்தது. வடக்கில் இசில்டூரின் குலம் மறைந்து வாழ்ந்ததால் மரமும் வாழ்ந்தது எனச் சிலர் கூறலாம். அவ்வாறாயின், அக்குலம் அறாதபோதே மரம் பட்டது ஏன் என்னும் வினாவிற்கு விடையில்லை.

மரம் பட்டபின் கோண்டோர் மக்கள் அதை அகற்றவில்லை. அரகோர்ன் முடிசூடிய 3019 வரை, 167 ஆண்டுகள் அது முற்றத்தில் நின்றது. வெண்மரம் பொறித்த கரிய உடையணிந்த வீரர்கள் அதைக் காத்தனர். பயன் கருதாத இக்காவலே குறியீட்டின் உயிர்நிலை எனலாம். பட்டமரத்தின் அருகே வாழ்ந்த ஆட்சியாளன் டெனெத்தோர் நம்பிக்கை இழந்து ராத் தீனென் என்னும் கல்லறைத் தெருவில் தன்னை எரித்துக்கொள்கிறான். பின்னர் அதே தெருவில் பட்டமரம் எரிக்கப்படாமல் மதிப்போடு கிடத்தப்படுகிறது. இம்முரணை ஆசிரியர் விளக்கவில்லை; வாசகர் உணருமாறு விட்டுவிடுகிறார்.

காவல்மரத்தோடு ஓர் ஒப்பீடு

தமிழ் வாசகர்க்கு இங்கே சங்ககாலக் காவல்மரம் நினைவிற்கு வருதல் இயல்பு. இரண்டிற்கும் வரலாற்றுத் தொடர்பில்லை. வேறுபாடே நமக்குப் பயன்படுகிறது. பதிற்றுப்பத்தின் இரண்டாம் பத்து, இமயவரம்பன் நெடுஞ்சேரலாதன் பகைவரின் கடம்ப மரத்தை வெட்டி முரசு செய்ததைப் போற்றுகிறது. அங்கே மரத்தின் ஆற்றல் வென்றவனைச் சேர்கிறது. டோல்கியனிடத்தில் மரத்தை எரித்தவன் எதையும் பெறுவதில்லை. தோற்றவனின் கையிலுள்ள விதையே மரபைத் தொடர்கிறது.

ஒரு குறை

இத்தகைய குறியீட்டைப் படைத்த ஆசிரியர், முடிவில் அதைச் சுருக்கிவிடுகிறார். புதிய கன்று, முன்னாளில் மன்னர் மட்டுமே சென்ற மலைத்தலத்தின் அருகே அரகோர்னுக்குக் கிடைக்கிறது. தலைமுறைகளாகக் காவல் நின்றோர்க்கு அக்கண்டெடுப்பில் பங்கில்லை. காத்தவர் மக்கள்; கண்டவன் மன்னன். பரவலான வாசிப்பு நிலைபெற்றதற்கு இம்முடிவே காரணம் எனலாம். 2003இல் வெளிவந்த பீட்டர் ஜாக்சனின் திரைப்படம் இன்னும் ஒருபடி சென்று, பட்டமரத்தையே பூக்கச் செய்கிறது. இதனால் இறப்பு இறப்பாகவே நிற்க, உயிர் வேறோர் இடத்தில் முளைக்கிறது என்னும் மூலநூலின் கடுமையான உண்மை மறைகிறது. அரகோர்னின் கணிப்பில் கன்றின் வயது ஏழாண்டுகளுக்கு மேற்படாது. ஆனால் அதன் விதை எப்போது ஊன்றப்பட்டது என்பதை யாரும் அறியார் என்றே நூல் கூறுகிறது.

முடிவுரை

வெண்மரத்தை அரசுரிமையின் சின்னமாக மட்டும் கொள்வது பனுவலின் பாதியையே காண்பதாகும். அதன் மறுபாதி, பலன் காணாமல் காத்தவர்களின் கதை. மாணவர்க்குக் குறியீட்டைக் கற்பிக்கும்போது 'இது இதைக் குறிக்கும்' என்று நின்றுவிடாமல், அக்குறியீட்டை யார் காத்தனர், யார் பயன்பெற்றனர் என்று வினவச் செய்தல் வேண்டும். அவ்வினாவே வெண்மரத்தின் முழுப்பொருளையும் வெளிக்கொணர்கிறது.