கத்தரிப் பாத்தியில் கீரை

கத்தரி நாற்றை இரண்டடி இடைவெளியில் நட்டால், செடி படர்ந்து இடத்தை மூட ஒன்றரை மாதமாவது ஆகும். முளைக்கீரையோ விதைத்த 25 நாளில் பறிப்புக்கு வந்துவிடும். கத்தரிக்கு ஊடே கீரை விதைக்கும் வழக்கத்தின் பலம் பெரும்பாலும் இந்த நாள் கணக்கில்தான் இருக்கிறது. வெறும் மண் மூடப்படுவதால் களை குறைகிறது. கத்தரிக்குப் பாய்ச்சும் தண்ணீரிலேயே ஒரு கீரை வெள்ளாமை கிடைக்கிறது. வேரோடு பிடுங்கும் முளைக்கீரையும் சிறுகீரையும் இதற்குத் தோதானவை. அறுக்க அறுக்கத் துளிர்த்து மாதக்கணக்கில் நிற்கும் அரைக்கீரை, கத்தரி காய்க்கும் பருவத்திலும் உரத்துக்குப் போட்டியிடும். அதற்குத் தனிப் பாத்தி போடுவதே நல்லது.

நிழலுக்குப் பயிரைத் தேர்வதிலும் இதே கவனம் வேண்டும். தண்டுக்கீரை இனங்களுக்கு முழு வெயில் தேவை. நிழலில் அவை நெட்டையாக வெளிறிப் போகும். கோடையில் சீக்கிரமே பூத்துவிடும் கொத்தமல்லிக்குத்தான் பாகல், புடலைப் பந்தலின் அரைநிழல் உதவும்.

துணைப்பயிர் பூச்சியை விரட்டும் என்ற பேச்சு, சான்றுகளைத் தாண்டிப் போய்விட்டது. இங்கிலாந்தின் வெல்ஸ்பர்ன் ஆய்வு நிலையத்தைச் சேர்ந்த ஃபின்ச், கோலியர் இருவரும் 2000இல் முன்வைத்த விளக்கம் இங்கே பயன்படும். முட்டைக்கோஸைத் தேடி வரும் பூச்சி பச்சையாகத் தெரியும் எதன்மீதும் இறங்குகிறது. பக்கத்துச் செடியில் இறங்கியே நேரத்தை இழக்கிறது. துணைச்செடியின் வாசனைக்கு இதில் பெரிய பங்கில்லை. சுற்றிலும் பச்சைக் காகிதம் வைத்தாலும் முட்டைகள் குறைந்தன. ஆனால் இது கோஸ் இனப் பூச்சிகளை வைத்துச் சொன்னது. கத்தரியின் தண்டு, காய்த் துளைப்பானும் இப்படியே ஏமாறும் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

கொத்தமல்லிப் பூ, தீமை செய்யும் பூச்சிகளை அழிக்கும் குளவிகளை ஈர்ப்பது உண்மை. தழைக்காக வளர்ப்பவர் பூக்கும் முன்பே பிடுங்கிவிடுகிறார். ஒரு வரிசையையாவது பூக்க விட்டால்தான் அந்தப் பலன் கிட்டும். செண்டுமல்லியும் வேர்முடிச்சு நூற்புழுவை அடக்கும். ஆனால் முந்தைய பருவத்தில் பாத்தி முழுக்க அடர்த்தியாக வளர்த்தால்தான். மூலைக்கு ஒன்றாக நட்டால் அழகு மட்டுமே மிச்சம்.

கத்தரிக்கு ஊடே கீரை விதைக்கும் முறையின் பெருங்குறை மருந்தடிப்பில் இருக்கிறது. துளைப்பானுக்குத் தெளிக்கும் மருந்து அடியில் நிற்கும் கீரையிலும் படியும். தெளிப்புக்கும் பறிப்புக்கும் இடையே காய்க்கென்று வகுத்த காத்திருப்பு நாட்களை அப்படியே இலைக்குப் பொருத்த முடியாது. எடைக்கு எடை பார்த்தால் இலையின் பரப்பு காயினுடையதைவிட மிக அதிகம். துளைப்பானால் நட்ட சில வாரங்களிலேயே கத்தரியின் குருத்து வாடத் தொடங்கும் என்பதால், கீரையை நடவு நாளிலேயே விதைத்து முதல் தெளிப்புக்கு முன் பிடுங்கிவிட வேண்டும். அது முடியாத தோட்டத்தில் கீரைக்கு வேறு இடம் பார்க்கவேண்டியதுதான்.